மக்களவையில் இருப்போர் யாவர்?

பொதுத்தேர்தல் முடிந்து வாக்குகள் எண்ணப்படும் நாளில் நாடு முழுவதும் ஒரே கேள்விதான் ஒலிக்கிறது. எந்தக் கட்சிக்கு எத்தனை இடம் என்பதே அக்கேள்வி. வானொலியும் அன்று மணிக்கொரு முறை அதற்கு விடை கூறுகிறது. ஆயினும், தில்லியில் கூடும் நம் மக்களவையில் இருப்போர் யாவர் என்று அறிய விரும்புவார்க்கு அந்த ஒரு விடை போதாது. அவர்களுள் பெண்கள் எத்தனை பேர்? எச்சமூகத்தினர் எத்தனை பேர்? எந்த மாநிலத்திலிருந்து வந்தோர் எத்தனை பேர்? என்ன வயதினர், என்ன தொழிலினர்? இவற்றையும் கேட்டாக வேண்டும். இவையெல்லாம் கேட்டறிந்த பின்னரும் ஒரு கேள்வி எஞ்சி நிற்கும். இவ்வெண்கள் இவ்வாறு அமையக் காரணம் யாது? வகுப்பறையில் நீண்ட காலம் நின்றவன் என்ற முறையில் ஒன்று சொல்வேன்: பட்டியலை மனப்பாடம் செய்யும் மாணவர் பலர், அப்பட்டியலைப் பிறப்பித்த விதி எது என்று கேட்கும் மாணவர் சிலரே.

2024ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் அமைந்த 18ஆவது மக்களவையை முதலில் எடுத்துக்கொள்வோம். தேர்தல் நடந்த இடங்கள் 543. பாதிக்கு மேற்பட்ட இடங்கள் வேண்டுமாயின் 272 பெறவேண்டும். பாரதிய ஜனதா கட்சி 240, காங்கிரஸ் 99, சமாஜ்வாதி கட்சி 37, திரிணாமூல் காங்கிரஸ் 29, திராவிட முன்னேற்றக் கழகம் 22, தெலுங்கு தேசம் 16, ஐக்கிய ஜனதா தளம் 12 என இடங்கள் பிரிந்தன. எஞ்சியவற்றைச் சிறு கட்சிகளும் சுயேச்சைகளும் பெற்றனர். எக்கட்சியும் தனித்து 272ஐ எட்டாமையால், முதலிடம் பெற்ற கட்சி தன் தோழமைக் கட்சிகளையும் சேர்த்து 293 உறுப்பினருடன் ஆட்சி அமைத்தது.

இனி, வாக்குகளைப் பாருங்கள். அத்தேர்தலில் பாரதிய ஜனதா கட்சி பெற்ற வாக்குகள் நூற்றுக்கு ஏறக்குறைய 37. பெற்ற இடங்களோ நூற்றுக்கு 44. காங்கிரஸ் பெற்ற வாக்குகள் நூற்றுக்கு 21. பெற்ற இடங்கள் நூற்றுக்கு 18. ஒன்றுக்குக் கூடியும் மற்றொன்றுக்குக் குறைந்தும் வந்தது எவ்வாறு? எண்ணியவர் தவறு செய்தாரோ என்று ஐயுற வேண்டா. எண்ணியது சரியே; எண்ணும் விதிதான் அத்தகையது.

ஒரு பள்ளியில் பத்து வகுப்புகள் உள்ளன என வைத்துக்கொள்வோம். வகுப்புக்கு ஒரு மாணவர் தலைவர். ஒவ்வொரு வகுப்பிலும் மூவர் போட்டியிடுகின்றனர். நீல அணியினர் ஒவ்வொரு வகுப்பிலும் நூற்றுக்கு 40 வாக்கும், பச்சை அணியினர் 35 வாக்கும், மஞ்சள் அணியினர் 25 வாக்கும் பெறுகின்றனர். முடிவு என்ன? பத்துத் தலைவர்களும் நீல அணியினரே. பள்ளியில் நூற்றுக்கு 60 பேர் அவ்வணிக்கு வாக்களிக்கவில்லை. எனினும் தலைவர்களின் கூட்டத்தில் அந்த 60 பேரின் குரலே இல்லை. அதிக வாக்குப் பெற்றவர் வெற்றி பெறுவார் என்னும் நம் தேர்தல் விதியின் இயல்பு இதுவே. நாட்டில் இது இவ்வளவு கடுமையாக நேர்வதில்லை; ஏனெனில், ஒரு கட்சி ஓரிடத்தில் வலுவாகவும் வேறோரிடத்தில் மெலிந்தும் இருக்கும். எனினும் இயல்பு ஒன்றே.

இது அண்மையில் தோன்றிய விந்தையன்று. 1951 அக்டோபரில் தொடங்கி 1952 பிப்ரவரியில் முடிந்த முதற் பொதுத்தேர்தலிலேயே காங்கிரஸ் நூற்றுக்கு 45 வாக்குப் பெற்று, 489 இடங்களில் 364ஐ அடைந்தது. அதாவது நான்கில் மூன்று பங்கு! நான் முதன்முதலாக வாக்களித்த 1984 தேர்தலில் அக்கட்சி நூற்றுக்கு 49 வாக்குப் பெற்று 400க்கு மேற்பட்ட இடங்களைக் கைப்பற்றியது. நாட்டில் சரிபாதிப் பேர் வேறு கட்சிகளை விரும்பியிருந்தனர் என்பது அந்த அவையைக் கண்ணால் கண்டவர்க்குத் தோன்றியிராது. 2014இல் பாரதிய ஜனதா கட்சி நூற்றுக்கு 31 வாக்குகளைக் கொண்டே 282 இடங்களைப் பெற்றுத் தனிப் பெரும்பான்மை கண்டது.

அந்த 2014ஆம் ஆண்டுத் தேர்தலில் மற்றொரு செய்தி உண்டு. இதைத் தேர்வுக்கு வினாவாகக் கொடுத்தால் நன்று என்று நான் எண்ணுவதுண்டு. நாடு முழுவதும் பெற்ற வாக்குகளைக் கொண்டு வரிசைப்படுத்தினால் அவ்வாண்டு மூன்றாவதாக நின்ற கட்சி பகுஜன் சமாஜ் கட்சி. நூற்றுக்கு நான்கு வாக்குக்குச் சற்று மேல்; 2 கோடியே 20 லட்சத்துக்கு மேற்பட்ட மக்கள் அதற்கு வாக்களித்தனர். அதற்குக் கிடைத்த இடமோ ஒன்றுமில்லை. அதனினும் குறைந்த வாக்குப் பெற்ற அண்ணா தி.மு.க.வுக்கு 37 இடங்கள் கிடைத்தன! அண்ணா தி.மு.க.வின் வாக்குகள் தமிழ்நாடு என்னும் ஓரெல்லைக்குள் குவிந்திருந்தன. பகுஜன் சமாஜின் வாக்குகளோ அகன்ற வயலில் தூவிய விதை போல் பல தொகுதிகளில் பரவிக் கிடந்தன. குவிந்த வாக்கு வெல்லும். பரந்த வாக்கு வாடும். அதே தேர்தலில் தமிழ்நாட்டில் நூற்றுக்கு 23 பங்குக்கு மேல் வாக்குப் பெற்ற தி.மு.க.வுக்கு ஓரிடமும் இல்லை. 2024இல் நிலைமை தலைகீழாயிற்று. தி.மு.க. கூட்டணி 39 இடங்களையும் வென்றது. நூற்றுக்கு 20 வாக்குப் பெற்ற அண்ணா தி.மு.க. வெறுங்கையுடன் திரும்பியது. விதிக்குக் கட்சி தெரியாது. இன்று ஒருவர்க்கு அளித்ததை நாளை மற்றவர்க்கு அளிக்கும்.

அவ்வாறாயின் வாக்குக்கு ஏற்ற விகிதத்தில் இடங்களைப் பகிர்ந்தளிக்கலாகாதா? அம்முறைக்கு விகிதாசாரப் பிரதிநிதித்துவம் என்று பெயர். ஜெர்மனி முதலிய நாடுகளில் அத்தகைய முறை நடைமுறையில் உள்ளது. நம் அரசியல் நிர்ணய சபையிலும் 1949 ஜனவரியில் இக்கோரிக்கை எழுந்தது. டாக்டர் அம்பேத்கர் அதனை மறுத்தார். எழுத்தறிவு மிகுதியாக உள்ள நாட்டுக்கே அம்முறை ஏற்றது என்பது அவர் கூறிய ஒரு காரணம். அவை பல சிறு கூறுகளாகச் சிதறி அரசாங்கம் நிலைகொள்ளாது என்பது மற்றொன்று. 1951 கணக்கெடுப்பில் நம் நாட்டில் எழுத்தறிந்தோர் நூற்றுக்கு 18 பேரே என்பதை நினைத்தால் முதற்காரணத்தின் வலிமை விளங்கும். அக்காரணம் இன்று அவ்வளவாகப் பொருந்தாது. இரண்டாவது காரணம் இன்றும் வாதத்துக்குரியது. தொகுதிக்கு ஒருவர் என்னும் முறையில், என் ஊருக்குப் பாலம் வேண்டுமென்றால் எவரிடம் போய்க் கேட்பது என்பது எனக்குத் தெரியும். இந்த நன்மையை நான் சிறிதாகக் கருதவில்லை.

கட்சிக் கணக்கு இவ்வளவில் நிற்க. இனி அவையிலுள்ள மனிதர்களைப் பார்ப்போம். இங்கே இருவகை எண்களைக் காண்கிறோம். ஒன்று, சட்டம் இத்தனை என்று வரையறுத்த எண். மற்றது, எவரும் வரையறுக்காமல் தானே விழுந்த எண்.

543 இடங்களில் 84 அட்டவணைச் சாதியினருக்கும், 47 பழங்குடியினருக்கும் ஒதுக்கப்பட்டவை. 2011 கணக்கெடுப்பின்படி மக்கள்தொகையில் முன்னவர் நூற்றுக்கு 16 பேருக்குச் சற்று மேல். பின்னவர் நூற்றுக்கு 8 பேருக்குச் சற்று மேல். ஆகவே அவையிலுள்ள பங்கும் நாட்டிலுள்ள பங்கும் ஏறக்குறைய ஒத்துச் செல்கின்றன. இத்தொகுதிகளில் அச்சமூகத்தினர் மட்டுமே வாக்களிப்பர் என்று சில மாணவர் தவறாக எண்ணுகின்றனர். வாக்காளர் அனைவரும் வாக்களிப்பர். வேட்பாளர் மட்டுமே அச்சமூகத்தைச் சேர்ந்தவராக இருத்தல் வேண்டும். 1932இல் காந்தியடிகளுக்கும் அம்பேத்கருக்கும் இடையே ஏற்பட்ட பூனா ஒப்பந்தத்தில் வேரூன்றிய ஏற்பாடு இது.

முதலிரு தேர்தல்களில் இவ்வொதுக்கீடு வேறு வடிவில் இருந்தது. 1952இல் 489 உறுப்பினர்க்குத் தொகுதிகள் 401 மட்டுமே. அவற்றுள் 314 தொகுதிகள் ஓர் உறுப்பினரையும், 86 தொகுதிகள் இரண்டு உறுப்பினரையும், ஒரே ஒரு தொகுதி மூன்று உறுப்பினரையும் அனுப்பின. கூட்டிப் பாருங்கள், கணக்குச் சரியாக வரும். இரட்டைத் தொகுதியில் ஓரிடம் பொது, மற்றோரிடம் ஒதுக்கீடு. 1957இல் ஆந்திராவிலுள்ள பார்வதிபுரம் என்னும் இரட்டைத் தொகுதியில் பழங்குடி வேட்பாளர் இருவர் மற்றெல்லாரையும்விட அதிக வாக்குப் பெற்றனர். ஒருவர் ஒதுக்கிய இடத்தையும் மற்றவர் பொது இடத்தையும் பெற, தோல்வியுற்றவர் பிற்காலத்தில் நாட்டின் குடியரசுத் தலைவராக விளங்கிய வி. வி. கிரி! அவர் உச்ச நீதிமன்றம் வரை சென்றார். 1959இல் அந்நீதிமன்றம், பொது இடம் எவர்க்கும் உரியதே. பழங்குடியினரும் அதனைப் பெறலாம் என்று தீர்ப்பளித்தது. இரண்டாண்டுகளில், 1961இல், இரட்டைத் தொகுதி முறையே சட்டத்தால் நீக்கப்பட்டது. விதி மாறினால் அவையில் வந்து அமரும் முகமும் மாறும் என்பதற்கு இதனினும் தெளிவான சான்று எனக்குத் தெரியாது.

இனி, வரையறுக்கப்படாத எண்களுக்கு வருவோம். 2011 கணக்கெடுப்பில் முஸ்லிம்கள் நூற்றுக்கு 14 பேர்; 2024இல் தேர்ந்தெடுக்கப்பட்ட முஸ்லிம் உறுப்பினர் 24 பேர், அதாவது நூற்றுக்கு 4க்குச் சற்று மேல். 1980இல் அவ்வெண்ணிக்கை 49ஆக இருந்தது. இங்கும் முன் சொன்ன பரந்த வாக்கின் கதையே ஒரு காரணம்; கட்சிகள் அவர்களை நிறுத்தத் தயங்குவது மற்றொரு காரணம்.

பெண்களின் நிலையோ இதனினும் வியப்பானது. ஏனெனில், அவர்கள் எங்கோ ஓரெல்லையில் வாழும் சிறுபான்மையர் அல்லர். ஒவ்வொரு தொகுதியிலும் சரிபாதி அவர்களே. முதல் மக்களவைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட பெண்கள் 22 பேர். 1977இல் அது 19ஆகக் குறைந்தது. 2019இல் 78, 2024இல் 74. ஏழு பத்தாண்டுகளில் நூற்றுக்கு 5 என்பதிலிருந்து நூற்றுக்கு 14க்கு அருகே வந்திருக்கிறோம். தமிழ்நாட்டின் 39 பேரில் ஐவர் பெண்கள்.

இதன் தொடக்கத்தை எண்ணிப் பார்க்கவேண்டும். முதற்தேர்தலுக்கு வாக்காளர் பட்டியல் தயாரிக்கச் சென்ற அலுவலர்கள் ஒரு விந்தையான தடையைச் சந்தித்தனர். வட இந்தியாவின் பல பகுதிகளில் பெண்கள் தம் பெயரை அயலாரிடம் சொல்ல மறுத்தனர். இன்னாருடைய மனைவி, இன்னாருடைய தாய் என்று மட்டுமே சொன்னார்கள். தலைமைத் தேர்தல் ஆணையராக இருந்த சுகுமார் சென், சொந்தப் பெயர் இல்லாத பதிவு செல்லாது என்று முடிவு செய்தார். பெயரைப் பெற அவகாசமும் தரப்பட்டது. அதன் பின்னரும் பெயர் தராமையால் ஏறத்தாழ 28 லட்சம் பெண்கள் பட்டியலினின்று நீக்கப்பட்டனர். கடுமையான முடிவுதான். எனினும், ஒரு பெண் தன் பெயராலேயே குடிமகள் ஆகிறாள், கணவன் பெயரால் அன்று என்று அரசு சொன்ன முதற்சொல் அது என்றே நான் கருதுகிறேன், அம்முடிவு சரியே.

அந்நிலையிலிருந்து தொடங்கிய நாட்டில், 2024இல் வாக்குச் சாவடிக்கு வந்த பெண்களின் விகிதம் ஆண்களின் விகிதத்தைவிடச் சிறிது கூடுதலாக இருந்தது. பின் ஏன் அவையில் 74 பேர் மட்டும்? மக்கள் பெண்களுக்கு வாக்களிப்பதில்லை என்று எளிதாகச் சொல்லிவிடுவோர் உண்டு. எண்கள் அதை ஒப்பவில்லை. அத்தேர்தலில் நின்ற வேட்பாளர் 8,300க்கு மேற்பட்டோர்; அவர்களுள் பெண்கள் ஏறத்தாழ 800. நூற்றுக்குப் பத்துக்கும் குறைவு. வெற்றி பெற்றோரிலோ நூற்றுக்கு 13க்கு மேல். ஆகவே, தடை வாக்குப் பெட்டியில் இல்லை. அதற்கு முன்னே, கட்சி அலுவலகத்தில் வேட்பாளர் பட்டியல் எழுதும் மேசையில் இருக்கிறது. திரிணாமூல் காங்கிரஸின் 29 பேரில் 11 பேர் பெண்கள். பாரதிய ஜனதாவின் 240 பேரில் 31 பேர். மனம் வைத்தால் எண் உயரும் என்பதை இது காட்டவில்லையா?

மக்களவையிலும் சட்டசபைகளிலும் மூன்றிலொரு பங்கைப் பெண்களுக்கு ஒதுக்கும் அரசியலமைப்புத் திருத்தம் 2023 செப்டம்பரில் நிறைவேறியது. இம்முயற்சியின் முதல் மசோதா 1996இல் வந்தது. 27 ஆண்டுகள் காத்திருந்தது. நிறைவேறிய சட்டத்திலும் ஒரு நிபந்தனை எழுதப்பட்டது: அடுத்த மக்கட் கணக்கெடுப்பு முடிந்து, அதன்படி தொகுதிகள் மறுவரையறை செய்யப்பட்ட பின்னரே ஒதுக்கீடு நடைமுறைக்கு வரும் என்பது அது. இந்த மறுவரையறை என்னும் சொல் நம்மை அடுத்த செய்திக்கு, எந்த மாநிலத்துக்கு எத்தனை இடம் என்பதற்கு, அழைத்துச் செல்கிறது.

மக்கள்தொகைக்கு ஏற்ப மாநிலங்களுக்கு இடம் அளிக்கவேண்டும் என்பது அரசியலமைப்பின் விதி. 1962 தேர்தலில் சென்னை மாநிலத்துக்கு 41 இடங்கள் இருந்தன. 1961 கணக்கெடுப்புக்குப் பின் மற்ற மாநிலங்கள் விரைந்து வளர்ந்திருக்கவே, 1967 முதல் 39 ஆயிற்று. குடும்பக் கட்டுப்பாட்டை நன்கு நிறைவேற்றும் மாநிலம் பாராளுமன்றத்தில் இடத்தை இழப்பது முறையா என்ற கேள்வி எழுந்தது. அதனால், 1976இல் வந்த 42ஆவது திருத்தம், 1971 கணக்கெடுப்பின்படி அமைந்த பங்கீட்டை 2000ஆம் ஆண்டு வரை உறையச் செய்தது. 2001இல் மற்றொரு திருத்தம், 2026க்குப் பின் எடுக்கப்படும் முதற் கணக்கெடுப்பு வரை அதனை நீட்டித்தது. அக்கணக்கெடுப்பு 2027இல் நடைபெறும் என 2025 ஜூனில் அறிவிப்பு வெளியாயிற்று.

இந்த உறைவின் விளைவை இரு மாநிலங்களைக் கொண்டு காட்டுகிறேன். 1971இல் தமிழ்நாட்டின் மக்கள்தொகை 4 கோடியே 12 லட்சம், இடங்கள் 39. ராஜஸ்தானின் மக்கள்தொகை 2 கோடியே 58 லட்சம், இடங்கள் 25. வகுத்துப் பார்த்தால் இரண்டிலும் ஓர் உறுப்பினர்க்கு ஏறக்குறைய 10 லட்சம் மக்கள். 2011இல் தமிழ்நாடு 7 கோடியே 21 லட்சம். ராஜஸ்தான் 6 கோடியே 85 லட்சம். இடங்கள் மாறவில்லை. ஆகவே தமிழ்நாட்டில் ஓர் உறுப்பினர்க்கு 18 லட்சத்துச் சொச்சம், ராஜஸ்தானில் 27 லட்சத்துச் சொச்சம்.

இங்கே இரண்டு நியாயங்கள் எதிரெதிரே நிற்கின்றன. நாட்டின் கொள்கையை ஏற்று நடந்த மாநிலத்தின் குரல் தாழலாகாது என்பது நம் நியாயம். நான் அதன் பக்கமே சாய்கிறேன், மறைக்கவில்லை. ஆயினும் ஜோத்பூரில் உங்களைப் போல் ஒரு மாணவன் இருக்கிறான். ஒவ்வொருவர் வாக்குக்கும் ஒரே மதிப்பு என்று எங்கள் பாடப்புத்தகம் சொல்கிறதே, என் வாக்கின் மதிப்பு மட்டும் ஏன் உங்கள் வாக்கில் மூன்றில் இரண்டு பங்கு என்று அவன் கேட்டால், அவனுக்கும் விடை சொல்லியாக வேண்டும். அவனைப் பகைவனாக எண்ணிப் பேசுவோர் பேச்சில் எனக்கு உடன்பாடில்லை. இடங்களின் மொத்த எண்ணிக்கையைக் கூட்டலாம் என்கின்றனர் சிலர். கூட்டினாலும் விகிதம் பழையபடி நிற்குமா என்பதே வினா.

ஒரு மாநிலத்துக்கும் மற்றொன்றுக்கும் இடையே மட்டுமன்று, தொகுதிக்கும் தொகுதிக்கும் இடையேயும் வேறுபாடு உண்டு. 2024இல் லட்சத்தீவுத் தொகுதியின் வாக்காளர் ஏறத்தாழ 57,000 பேர். தெலங்கானாவின் மல்காஜ்கிரியில் 37 லட்சத்துக்கு மேற்பட்டோர். இருவர்க்கும் அவையில் ஒரு நாற்காலிதான். தீவுக்கு ஒரு குரல் வேண்டும் என்பதற்காக நாமே மனமுவந்து ஏற்ற சமனின்மை இது.

தொழிலைப் பற்றி மிகுதியாகச் சொல்ல நேரமில்லை. முதல் அவையில் மூன்றிலொரு பங்குக்கு மேற்பட்டோர் வழக்கறிஞர். விடுதலைப் போராட்டத் தலைவர் பலர் அத்தொழிலினர் அல்லவா? 18ஆவது அவையில் வழக்கறிஞர் நூற்றுக்குப் பத்துப் பேர்கூட இல்லை. சமூகப் பணி, வேளாண்மை, வாணிகம் என்று தம் தொழிலைக் குறித்துக் கொடுத்தோரே மிகுதி. சமூகப் பணி என்னும் சொல்லுக்குள் பல தொழில்கள் அடங்கிவிடும் ஆதலால், அந்த எண்ணை நான் பெரிதாக நம்புவதில்லை.

வயதைக் குறித்து ஒரு சொல். முதல் அவையின் சராசரி வயது 46ஐ ஒட்டி இருந்தது. 18ஆவது அவையில் 56. நாற்பதும் அதற்குக் கீழும் ஆன வயதினர் நூற்றுக்கு 11 பேரே. என் இளமையில் வாக்களிக்க 21 வயது நிரம்பவேண்டும். 61ஆவது திருத்தம் 1989இல் நடைமுறைக்கு வந்து அதனை 18 ஆக்கியது. ஆனால் மக்களவைக்கு நிற்பதற்குரிய வயது 1950இல் அரசியலமைப்பு வகுத்தபடி 25 என்றே நின்றது. 2024இல் அவ்வயதை எட்டிய உடனேயே நின்று வென்றவர் சிலர் உளர். அவர்கள் அமர்ந்த அதே அவையில், எல்லாரினும் மூத்தவராக, 82 வயதில், ஸ்ரீபெரும்புதூர் மக்கள் அனுப்பிய டி. ஆர். பாலுவும் அமர்ந்தார்.